லேடீஸ் டப்பாவுக்குப் பக்கத்து டப்பா

மும்பை லோக்கல் ரயிலில் ஜென்ட்ஸ் டப்பா, அதாவது ஆண்களுக்கான பெட்டி என்று ஒன்று கிடையாது. லேடீஸ் டப்பா உண்டு. மாற்றுத்திறனாளிகளுக்கு ஒன்று உண்டு. மீன்கூடையும் காய்மூட்டையும் ஏற்றிக்கொண்டு வருபவர்களுக்கு லக்கேஜ் டப்பா உண்டு. மீதியெல்லாம் ஜெனரல். ஆண், பெண் யார் வேண்டுமானாலும் ஏறலாம் என்பதுதான் ரயில்வே கணக்கு. ஆனாலும் செம்பூர் ஸ்டேஷனில் நின்று யாரிடமாவது கேட்டுப் பாருங்கள், "ஜென்ட்ஸ் டப்பா அங்கே வரும்" என்று கையை நீட்டிக் காட்டுவார்கள். காட்டுபவர் பெண்ணாக இருந்தாலும் அதே சொல்தான். பொது என்று எழுதியிருப்பதை ஊரே ஆண்களுக்கு என்று வாசிக்கிறது. அது யாருக்கும் உறுத்துவதில்லை.

இந்த விஷயத்தை நான் யோசிக்கக் காரணம் என் கொழுந்தனார். குடும்ப வாட்ஸ்அப் குழுவில் அவர் ஒரு படம் போட்டார். ஆட்கள் பிதுங்கி வழியும் ஜெனரல் டப்பா, பக்கத்தில் கொஞ்சம் மூச்சுவிட இடமிருக்கும் லேடீஸ் டப்பா. கீழே ஒரு வரி: "நாம் வாழ்வது கைனோசென்ட்ரிக் சமுதாயத்தில்." மாமியார் பதறிப்போய் போன் செய்து, யாருக்கு உடம்பு சரியில்லை என்று கேட்டார். கைனகாலஜிஸ்டைத் தவிர வேறெந்தக் கைனோவும் நம் வீடுகளுக்குள் வந்ததில்லையே. அவர் நினைத்ததிலும் தப்பில்லை. இரண்டும் பெண்ணைக் குறிக்கும் ஒரே கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தவைதான்.

கைனோசென்ட்ரிக் என்றால் பெண்ணை மையமாகக் கொண்டது. அதற்கு எதிர்ச்சொல் ஆண்ட்ரோசென்ட்ரிக், ஆணை மையமாகக் கொண்டது. கைனோசென்ட்ரிக் என்ற சொல்லைப் புழக்கத்துக்குக் கொண்டுவந்தவர்களில் ஒருவர் லெஸ்டர் வார்டு என்ற அமெரிக்கச் சமூகவியலாளர். உயிர்களின் வரலாற்றில் பெண்தான் மூலம், ஆண் பின்னால் வந்து சேர்ந்தவன் என்று 1888இல் ஒரு கட்டுரையில் வாதிட்டார். 1903இல் வந்த தன் புத்தகத்தில் அந்தக் கொள்கைக்கு இந்தப் பெயரை வைத்து விரித்தெழுதினார். அவருடைய உயிரியல் இன்று அப்படியே நிற்காது. ஆனால் அதிலிருந்து ஒரு பொறி சார்லட் பெர்கின்ஸ் கில்மன் என்ற அமெரிக்கப் பெண் எழுத்தாளருக்குப் பற்றிக்கொண்டது. அவர் 1911இல் தன் நூலை வார்டுக்கே சமர்ப்பணம் செய்து, கேள்வியைத் திருப்பிப் போட்டார். நாம் மனித இயல்பு, மனித வரலாறு, மனிதக் கலை என்று சொல்வதெல்லாம் பெரும்பாலும் ஆணின் இயல்பு, ஆணின் வரலாறு, ஆணின் கலை. ஆணை மனித இனத்தின் மாதிரியாக வைத்துக்கொண்டு பெண்ணை அதன் கிளையாக எண்ணிவிட்டோம் என்றார். ஜெனரல் டப்பா கதை இதுதான். கில்மன் மும்பைக்கு வராமலேயே சொல்லிவிட்டார்.

அப்புறம் 1970களிலும் 80களிலும் பல்கலைக்கழகங்களில் பெண்ணியம் ஒரு படிப்பாக வளர்ந்தபோது இந்தச் சொல்லுக்கு மறுவாழ்வு கிடைத்தது. பெண்ணின் அனுபவத்திலிருந்து தொடங்கி உலகத்தைப் பார்ப்பது என்ற பொருள் அப்போது அழுத்தமாகச் சேர்ந்தது. பின்னாளில் இணையத்தில் ஆண் உரிமை பேசும் குழுக்கள் இதே சொல்லைத் தூக்கிக்கொண்டு போய் வசைச்சொல்லாக்கிவிட்டன. சமுதாயம் முழுக்கப் பெண்களின் சௌகரியத்துக்காக நடக்கிறது, ஆண் உழைத்துச் சாகிறான் என்பது அங்கே அதன் பொருள். கொழுந்தனாருக்குச் சொல் வந்து சேர்ந்த வழி அதுதான். லெஸ்டர் வார்டைப் படித்துவிட்டு அவர் படம் போட்டிருக்க வாய்ப்பில்லை.

இரண்டு பொருளுக்கும் நடுவில் உள்ள வேறுபாடு எளிதானது. இணையத்தில் கேட்கும் கேள்வி: யாருக்குச் சலுகை? படிப்பில் கேட்கும் கேள்வி: எங்கே நின்று பார்க்கிறோம்? முதல் கேள்வியை வைத்துப் பார்த்தால் லேடீஸ் டப்பா பெண்ணை மையமாகக் கொண்டது போலத் தோன்றும். இரண்டாவதை வைத்தால் தோன்றாது. ரயில் ஆணுக்காக என்று மனத்தில் நினைத்து ஓட்டி, அதில் சில பெட்டிகளைப் பெண்ணுக்குப் பிரித்துக் கொடுத்திருக்கிறார்கள். 1992இல் சர்ச்கேட்டிலிருந்து முழு ரயிலையே பெண்களுக்கென்று விட்டார்கள். லேடீஸ் ஸ்பெஷல். நல்ல காரியம், மறுக்கவே மாட்டேன். ஆனால் அதுவும் அலுவலக நேரத்துக்கு ஓடுகிற ரயில். பிள்ளையைப் பள்ளியில் விட்டு, ரேஷன் வாங்கி, மாமனாரை டாக்டரிடம் காட்டி, மதியம் டியூஷன் எடுக்கப் போகிறவளின் நாளில் பீக் அவர் என்று ஒன்று இல்லை. அவள் நாளிலிருந்து கால அட்டவணை எழுதத் தொடங்கினால் வேறு மாதிரி ரயில்கள் ஓடும். அதைத்தான் பெண் மையப் பார்வை என்று சொல்ல முடியும். (ஜெனரல் டப்பாவில் தொங்கிக்கொண்டு போகும் ஆண்களின் பாடு பொய்யில்லை. விழுந்து செத்திருக்கிறார்கள். அதற்குக் காரணம் ரயில் போதாமை. பக்கத்து டப்பாவில் உட்கார்ந்திருக்கும் பெண்ணிடம் அதற்குக் கணக்குக் கேட்பது வசதியான வழி, அவ்வளவுதான்.)

என் அண்ணன் மகள் எங்களோடு தங்கி, மும்பைப் பல்கலைக்கழகத்தின் கலினா வளாகத்தில் எம்.ஏ. படிக்கிறாள். குழுவில் கொழுந்தனாருக்குப் பதில் எழுத வேண்டாம் என்று அவளைத் தடுத்துவிட்டேன். எழுத முடியாத ஆத்திரத்தை எல்லாம் இரவில் என்னிடம் பாடமாக எடுத்துத் தீர்த்தாள். இலக்கிய விமர்சனத்தில் இந்தச் சொல்லின் தங்கை ஒன்று உண்டாம்: கைனோகிரிட்டிக்ஸ். அமெரிக்க விமர்சகர் எலைன் ஷோவால்ட்டர் 1979இல் உருவாக்கியது. பெண் வாசகியாக இருந்து ஆண்கள் எழுதியதில் பெண் எப்படி வருகிறாள் என்று பார்ப்பது ஒரு வேலை. பெண் எழுத்தாளராக இருக்கும்போது அவள் என்ன எழுதினாள், எந்த வடிவத்தில், எந்த மரபில், எந்த மௌனத்தோடு எழுதினாள் என்று பார்ப்பது வேறு வேலை. இரண்டாவதற்கு அவர் வைத்த பெயர் இது.

எனக்கு உடனே குறுந்தொகைதான் நினைவுக்கு வந்தது. 167ஆம் பாட்டு, கூடலூர் கிழார் எழுதியது. புதிதாகக் கல்யாணமான பெண் தயிரைப் பிசைந்த விரலைத் தன் உடையிலேயே துடைத்துக்கொண்டு, அதை மாற்றாமல், தாளிப்புப் புகை கண்ணில் ஏற, தானே பாடுபட்டுப் புளிக்குழம்பு வைக்கிறாள். 'இனிது' என்று கணவன் சாப்பிடுகிறான். அவள் முகம் நுண்ணிதாக மகிழ்ந்தது. மகள் வீட்டுக்குப் போய்ப் பார்த்துவிட்டு வந்த செவிலி, பெற்ற தாயிடம் சொல்கிறாள். பள்ளியில் படித்த நாளிலிருந்து எனக்குப் பிடித்த பாட்டு. பேசுபவள் பெண், கேட்பவள் பெண், பேசப்படுபவள் பெண், நடக்கும் இடம் அடுக்களை. இதைவிடப் பெண் மையமான பாட்டு இருக்க முடியுமா என்று கேட்டேன்.

அவள் ஒரே கேள்விதான் கேட்டாள். "அத்தை, அந்தப் பொண்ணு சாப்பிட்டாளா?"

பாட்டில் அது இல்லை. புகை அவள் கண்ணில் இருக்கிறது, உழைப்பு அவள் உடம்பில் இருக்கிறது, ஆனால் பாட்டு போய் நிற்கும் இடம் அவன் நாக்கு. அவன் வாயிலிருந்து வரும் ஒரு சொல்லுக்காக அத்தனையும் காத்திருக்கிறது. எனக்கு அந்தப் பாட்டு இப்போதும் பிடிக்கும், விட்டுக்கொடுக்க மாட்டேன். செவிலியின் கண்ணை இவ்வளவு நுட்பமாகப் பிடித்த கவிஞனைக் குறை சொல்லவும் மனம் வரவில்லை. ஆனால் பெண் நிறைய வருவதும் பெண் மையத்தில் இருப்பதும் ஒன்றில்லை என்பதை இதைவிடத் தெளிவாக வேறெந்த உதாரணமும் எனக்குச் சொல்லவில்லை.

இதன் மறுபக்கம் புறநானூறு 312. 'ஈன்று புறந்தருதல் என்தலைக் கடனே' என்று தொடங்குவது. பெற்று வளர்ப்பது என் கடன், சான்றோனாக்குவது தந்தை கடன், வேல் வடிப்பது கொல்லன் கடன், யானையை வெட்டிவிட்டுத் திரும்புவது மகன் கடன். எழுதிய பொன்முடியார் பெண் என்பதே மரபு. பேசுபவள் தாய். அவள் வயிறு அங்கே போர்க்களத்துக்கு ஆள் அனுப்பும் இடமாக இருக்கிறது, கொல்லனின் உலைக்களத்துக்கு முந்தைய ஒரு பட்டறையாக. பெண் எழுதிவிட்டதாலேயே பார்வை பெண்ணுடையதாகிவிடாது. இருந்தாலும் ஷோவால்ட்டர் வழியில் போனால் இந்தப் பாட்டை ஒதுக்கவும் முடியாது. அரசனும் போரும் புகழுமாக இருந்த உலகத்தில் ஒரு பெண் புலவர் பாட வேண்டுமென்றால் எந்தக் குரலில் பாட முடிந்தது என்று கேட்க வேண்டியிருக்கும். அந்த வரிசையில் 'என்தலைக் கடனே' என்று தன்மையில் வருவது தாய் மட்டும்தான், கவனித்திருக்கிறீர்களா?

தமிழில் இந்த வகை வேலையைச் செய்தவர் யார் என்று யோசித்தால், விடை நான் வசிக்கும் ஊரிலேயே இருக்கிறது. அம்பை என்ற பெயரில் கதை எழுதும் சி.எஸ். லக்ஷ்மி, தமிழ் இலக்கியத்தில் பெண்களையும் பெண் எழுத்தாளர்களையும் ஆராய்ந்து 1984இல் ஆங்கிலத்தில் ஒரு நூல் வெளியிட்டார். 1988இல் நீரா தேசாய், மைத்ரேயி கிருஷ்ணராஜ் இருவரோடும் சேர்ந்து இதே மும்பையில் ஸ்பேரோ என்ற காப்பகத்தைத் தொடங்கினார். பெண்களின் குரல் பதிவுகள், புகைப்படங்கள், கடிதங்கள், வாழ்க்கைக் கதைகள் என்று சேர்த்து வைக்கும் இடம். நீரா தேசாய் அதற்கு முன்பே, 1974இல், எஸ்.என்.டி.டி. பல்கலைக்கழகத்தில் பெண்கள் ஆய்வு மையத்தைத் தொடங்கியவர். நாட்டிலேயே முதலாவது அது. காப்பகம் என்றால் அரசாணையும் நிலப்பத்திரமும் என்று நினைத்திருந்த காலத்தில், ஒரு பெண் உட்கார்ந்து தன் கதையைச் சொல்லும் ஒலிநாடாவும் ஆவணம் என்று முடிவெடுத்தார்களே, அதுதான் நான் பார்த்தவரை இந்தச் சொல்லின் சரியான பயன்பாடு. பெரும்பாலும் அந்தச் சொல்லை உச்சரிக்காமலே நடக்கிறது என்பது இன்னும் நல்லது.

கணக்குத்துறையில் வேலை பார்த்தவள் என்பதால் எனக்கு உதாரணம் எண்களில் இருந்தால்தான் நிறைவாக இருக்கும். உழைப்பைப் பற்றிய நம் எண்கள் நெடுங்காலம் ஜெனரல் டப்பாக் கணக்குத்தான். வயலிலும் குடும்பத் தொழிலிலும் கூலியில்லாமல் பாடுபடும் பெண்ணிடம் 'வேலை பார்க்கிறீர்களா' என்று கேட்டால், 'இல்லை, வீட்டில்தான் இருக்கேன்' என்று சொல்லிவிடுவாள். கணக்கெடுப்பவரும் அப்படியே எழுதிக்கொள்வார். 1991 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில்தான், கூலியில்லாத பண்ணை வேலையும் குடும்பத் தொழில் வேலையும் இதில் அடங்கும் என்று கேள்விக்குள்ளேயே சேர்த்தார்கள்.

அதற்கடுத்த படி நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பு. முந்தின நாள் அதிகாலை 4 மணியிலிருந்து இன்று அதிகாலை 4 மணி வரை, அரை அரை மணியாகப் பிரித்து, அந்த நேரத்தில் என்ன செய்தீர்கள் என்று கேட்கிறார்கள். 2019 கணக்கெடுப்பில், வீட்டாருக்காகக் கூலியில்லா வீட்டு வேலை செய்த பெண்கள் அதற்கு ஒரு நாளில் சராசரியாக 299 நிமிடம் செலவிட்டிருந்தார்கள். செய்த ஆண்கள் 97 நிமிடம். 2024இல் அது 289, 88 என்று வந்தது. இந்தக் கணக்கெடுப்பு பெண்களுக்கென்று நடத்தியதில்லை, எல்லாரையும்தான் கேட்கிறது. ஆனால் கேள்வியை 'என்ன சம்பாதித்தீர்கள்' என்பதிலிருந்து 'நேற்று அதிகாலை 4 மணிக்கு என்ன செய்துகொண்டிருந்தீர்கள்' என்பதற்கு நகர்த்தியதுமே, அதுவரை கணக்கில் இல்லாத ஐந்து மணி நேரம் எழுந்து வெளியே வந்துவிட்டது. இதில் ஆணுக்கு என்ன நஷ்டம்? கொழுந்தனாரிடம் இதை நான் கேட்டேன். தான் தினமும் காய் நறுக்குவதாகச் சொன்னார். உண்மைதான், நறுக்குவார். 88 நிமிடத்துக்குள் அதுவும் அடங்கும்.

மும்பையில் இதைச் சுவரும் கதவுமாகவே பார்க்கலாம். குடிசைப்பகுதி மக்களின் தேசியக் கூட்டமைப்பை உருவாக்கிய ஜாக்கின் அற்புதம், கோலார் தங்கவயலில் பிறந்து இங்கே வந்த தமிழர். 2000இல் மகசேசே விருது பெற்றவர். அந்தக் கூட்டமைப்பும் ஸ்பார்க் என்ற தொண்டு நிறுவனமும், பைகுல்லா நடைபாதைப் பெண்களிடமிருந்து 1980களில் முளைத்த மகிளா மிலன் என்ற பெண்கள் அமைப்பும் கைகோத்து வேலை செய்தன. பொதுக் கழிப்பறை கட்டும்போது பெண்களைக் கூப்பிட்டு எப்படி இருக்க வேண்டும் என்று கேட்டார்கள். ஆண்களுக்கும் பெண்களுக்கும் தனித்தனி வாசல், தனித்தனி வரிசை. அதோடு குழந்தைகளுக்குத் தனியிடம், அவர்கள் அளவுக்கு. பெரியவர்கள் வரிசையில் பிள்ளைகளை இடித்துத் தள்ளிவிடுவார்கள், அதனால் பிள்ளைகள் சாக்கடையோரம் உட்கார்வார்கள், அதைக் கழுவுவது யார் என்பது அம்மாக்களுக்குத் தெரியும். பொறியாளர் வரைபடத்தில் அந்த மூன்றாவது பகுதி தானாக வந்திருக்காது. பெண்ணிலிருந்து தொடங்கினார்கள், பலன் முதலில் போனது பிள்ளைகளுக்கு. ஆண்களின் வரிசையும் குறைந்திருக்கும். 2011இல் இதே ஊரில் தொடங்கிய சிறுநீர் கழிக்கும் உரிமை இயக்கமும் அப்படித்தான்: ஆண்கள் இலவசமாகப் போகும் இடத்தில் பெண்கள் ஏன் காசு கொடுக்க வேண்டும் என்ற கேள்வி, பொதுக் கழிப்பறை என்ற சொல்லில் 'பொது' எங்கே இருக்கிறது என்று தேட வைத்தது.

இவ்வளவு சொல்லிவிட்டு, இந்தச் சொல்லில் எனக்குள்ள சங்கடத்தையும் சொல்லாமல் விட முடியாது. தமிழில் இதைப் 'பெண்மையப் பார்வை' என்று எழுதுகிறோம். பெண், மையம் என்று பிரித்துப் படிக்க வேண்டியது. கண் 'பெண்மை' என்று சேர்த்துப் படித்துவிடுகிறது. தற்செயல்தான், ஆனால் இந்தச் சிந்தனைக்குள் இருக்கும் பள்ளமும் சரியாக அங்கேதான் இருக்கிறது. ஐரிஸ் மரியன் யங் என்ற தத்துவவியலாளர் 1985இல் இரண்டு வகைப் பெண்ணியத்தைப் பிரித்துக் காட்டினார். ஆணுக்குத் திறந்திருக்கும் கதவுகள் எல்லாம் எனக்கும் திற என்பது ஒன்று. பெண்களின் வாழ்வில் வளர்ந்த மதிப்புகளை, அக்கறையை, உடலனுபவத்தைக் கையில் வைத்துக்கொண்டு அந்தக் கதவுக்கு உள்ளே இருப்பதையே கேள்வி கேட்பது மற்றொன்று. அதற்குத்தான் கைனோசென்ட்ரிக் என்று பெயர் கொடுத்தார். இரண்டாவதன் ஆழம் அவருக்குத் தெரிந்தது, அது எங்கே வழுக்கும் என்பதும் தெரிந்தது. தாய்மை, பொறுமை, பராமரிப்பு என்று பாராட்டப் போய், பெண் என்றால் இப்படித்தான் என்ற பழைய சட்டகத்துக்குப் புது வர்ணம் அடித்துவிடலாம். நம் ஊரில் அந்த வர்ணத்துக்குத் தட்டுப்பாடே இல்லை. மகளிர் தினத்தன்று எங்கள் ஹவுசிங் சொசைட்டி வாசலில் ரங்கோலி போட்டு, 'வீட்டின் விளக்கு' என்று பேனர் கட்டுவார்கள். அதே சொசைட்டியின் பொதுக்குழு ஞாயிறு காலை 11 மணிக்கு நடக்கும். அந்த நேரத்தில் எந்த விளக்கு அடுப்பை விட்டுவிட்டு வரமுடியும்? தண்ணீர் விடும் நேரத்தைக் குக்கரைத் தொடாதவர்கள் கூடி முடிவு செய்கிறார்கள். கூட்டத்தை மாலைக்கு மாற்றுங்கள் என்று எழுதிக் கொடுத்தேன். பேனர் பெரிதானது.

இன்னொரு கேள்வி இதைவிடக் கூர்மையானது. மையத்தில் பெண் என்றால் எந்தப் பெண்? 1995இல் அரசியல் அறிஞர் கோபால் குரு, தலித் பெண்கள் வேறுவிதமாகப் பேசுகிறார்கள் என்று ஒரு கட்டுரை எழுதினார். வெளியிலிருந்து சாதி, உள்ளிருந்து ஆணாதிக்கம் இரண்டையும் சுமப்பவர்களின் குரலை மற்றப் பெண்கள் தங்கள் குரலில் கரைத்துவிட முடியாது என்பது அதன் சாரம். புனேயில் இருந்த சமூகவியலாளர் ஷர்மிளா ரேகே 1998இல் அதற்குப் பதில் எழுதினார். அவர்கள் வேறு என்று சொல்லி ஒதுங்கிவிட்டால் மற்றவர்களுக்குப் பொறுப்பே இல்லாமல் போய்விடும். அவர்கள் நிற்கும் இடத்திலிருந்து பார்க்க எல்லாப் பெண்ணியவாதிகளும் கற்றுக்கொள்ள வேண்டும், அப்போது தங்கள் அறிவே மாறும் என்றார். பெண்ணும் ஒரு ஜெனரல் டப்பாவாகிவிடக் கூடும் என்று நான் இதைப் புரிந்துகொள்கிறேன்.

எங்கள் வீட்டு வேலைக்கு வருபவர் சீத்தா கேம்ப் குடிசைப்பகுதியிலிருந்து வருகிறார். கள்ளக்குறிச்சிப் பக்கத்துத் தமிழ், நடுநடுவே இந்தி. என்னை அக்கா என்பார். அண்ணன் மகள் ஒருநாள் நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பின் படிவம் மாதிரி ஒன்றை எடுத்துவைத்து அவரைக் கேட்க உட்கார்ந்தாள். "நாலு மணிக்கா? பாத்திரம் தேச்சிட்டிருந்தேன் பாப்பா." எங்கள் வீட்டில் அவர் பாத்திரம் தேய்த்தால் அது பொருளாதாரம், சம்பளம் போகிறது. அவர் வீட்டில் அவரே தேய்த்தால் அது கூலியில்லா வீட்டு வேலை, 289க்குள் போகிறது. இரண்டுக்கும் ஒரே கைதான், ஒரே சபீனாதான். என் 289இல் குறைந்த நிமிடங்கள் எங்கே போயின என்று பார்த்தால், அவர் நாளில் இருக்கின்றன. எங்கள் வீட்டு ஆண்களின் நாளுக்குள் அவை போகவில்லை. சராசரியில் இது தெரியாது. நானும் அவரும் ஒரே எண்ணுக்குள் அடங்கிவிடுகிறோம்.

அண்ணன் மகள் இப்போது தன் ஆய்வறிக்கையில் 'பெண் மையப் பார்வை' என்று எழுதிய இடங்களையெல்லாம் அடித்துவிட்டு, ஒவ்வொரு இடத்திலும் யாருடைய நாளிலிருந்து பார்க்கிறாள் என்று எழுதிக்கொண்டிருக்கிறாள். வாக்கியங்கள் நீளமாகிவிட்டன. அவளுடைய கைடு பக்க வரம்பை நினைவூட்டியிருக்கிறார். மாதிரிப் பட்டியலில் லக்கேஜ் டப்பாவில் கூடையோடு வரும் மீன்காரப் பெண்கள் இரண்டு பேரையும் சேர்த்திருக்கிறாள். அவர்களிடம் பேச ஏற்ற நேரம் எது என்று அவர்களையே கேட்டுவிட்டு வந்து, அலாரத்தை விடியற்காலை மூன்றுக்கு வைத்திருக்கிறாள்.